கூண்டுக்கு வெளியே நின்றவர்

1978-ஆம் வருஷம் செப்டம்பர் 30-ஆம் தேதியன்று நியூயார்க் நகரத்தில், ஒரு பழைய கட்டடத்தின் மாடி அறையில், தமக்கென்று கட்டி வைத்திருந்த மரக் கூண்டு ஒன்றுக்குள் ஒரு மனிதர் போய் உட்கார்ந்துகொண்டார். கூண்டின் நீளம் 11½ அடி. அகலம் 9 அடி. உயரம் 8 அடி. உள்ளே ஒரு கட்டில், முகம் கழுவ ஒரு தொட்டி, விளக்கு, ஒரு வாளி. வேறொன்றும் கிடையாது. ஒரு வருஷத்துக்கு யாரோடும் பேசுவதில்லை, படிப்பதில்லை, எழுதுவதில்லை, ரேடியோ கேட்பதில்லை, டெலிவிஷன் பார்ப்பதில்லை என்று கையெழுத்துப் போட்டு முன்னதாகவே ஓர் அறிக்கை கொடுத்திருந்தார். வக்கீல் ஒருவர் வந்து கூண்டுக்கு முத்திரைச் சீட்டு ஒட்டிவிட்டுப் போனார். அடுத்த வருஷம் செப்டம்பர் 29-ஆம் தேதி வரையில் அந்த மனிதர் வெளியே வரவில்லை.

எந்தக் கோர்ட்டும் அவருக்குத் தண்டனை விதிக்கவில்லை. எந்தத் தெய்வத்துக்கும் அவர் நேர்ந்துகொள்ளவில்லை. சர்க்காரிடம் எதையாவது கேட்டுச் சத்தியாக்கிரகம் செய்தாரா என்றால் அதுவும் இல்லை. தாம் செய்தது ஒரு கலைப் படைப்பு என்றார், அவ்வளவுதான். சிற்பி ஒரு கல்லை எடுத்து முன்னால் வைத்துக்கொள்வதுபோல, அவர் ஒரு வருஷ காலத்தை எடுத்துத் தம் முன்னால் வைத்துக்கொண்டார் என்று சொல்லலாம். ஆனால் சிற்பி கல்லைச் செதுக்குவான். இவர் செதுக்கக்கூட இல்லை. இருந்தார்.

தெச்சிங் ஷியே என்பது அவருடைய பெயர். தைவான் தீவின் தென்பகுதியில் 1950-இல் பிறந்தவர். பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டார், படம் வரைந்தார், பட்டாளத்தில் சேவை செய்துவிட்டு வந்தார், பிறகு தூரிகையையும் கீழே வைத்தார். 1973-இல் ஒரு மாடி ஜன்னலிலிருந்து குதித்து, குதிப்பதைப் படம் பிடிக்கவும் ஏற்பாடு செய்தார். இரண்டு கணுக்கால்களும் முறிந்தன. அந்தக் காரியத்தைப் பற்றி எனக்கு நல்ல அபிப்பிராயம் கிடையாது. இருபத்திரண்டு வயசு என்று விட்டுவிடலாம். மறு வருஷம் கப்பலில் மாலுமி வேலை தேடிக்கொண்டார். அமெரிக்காவில் பிலடெல்பியாவுக்கு அருகே கப்பல் கரையைத் தொட்டதும் இறங்கி நடந்துவிட்டார். திரும்பவில்லை. நியூயார்க் ஹோட்டல்களில் பாத்திரம் தேய்த்தார், தரை துடைத்தார். அந்த நாட்டில் இருப்பதற்கு உண்டான காகிதம் எதுவும் கையில் இல்லை. 1988-இல் பொது மன்னிப்புக் கிடைக்கிற வரையில் 14 வருஷம், போலீஸ்காரனின் நிழலைக் கண்டாலும் ஒதுங்க வேண்டிய மனிதராகத்தான் அவர் அந்த ஊரில் இருந்தார். கூண்டு புதிதாக வந்ததல்ல என்று இதற்குள் உங்களுக்குத் தோன்றியிருக்கும்.

"இதெல்லாம் கலையா?" என்று கேட்கலாம். கேட்டுக்கொண்டுதான் இருக்கிறார்கள். இந்த வழக்கைப் பண்டிதர்கள் நாற்பது ஐம்பது வருஷமாக நடத்தி வருகிறார்கள், நடத்தட்டும். கலை விமரிசகர்களின் பாஷை எனக்கு வராது. கதை எழுதுகிறவனுக்கு வேறொரு வியாதி உண்டு. ராஜாவுக்குப் பட்டாபிஷேகம் நடந்தது என்று படித்தால், அன்றைக்கு மடைப்பள்ளியில் யார் யார் இரவெல்லாம் கண் விழித்தார்கள் என்று அவனுக்குக் கேட்கத் தோன்றும். ஷியேயின் அறிக்கையைப் படித்தபோதும் எனக்கு அப்படித்தான் ஆயிற்று. பேசமாட்டேன், படிக்கமாட்டேன் என்ற பெரிய சபதங்களை எல்லாம் கண் தாண்டிக்கொண்டு போய், சின்னதாக இருந்த ஒரு வாக்கியத்தில் நின்றுவிட்டது. தம்முடைய சாப்பாடு, துணிமணி, கழிவு ஆகியவற்றை நண்பர் இன்னார் கவனித்துக்கொள்வார் என்று அதில் வருகிறது.

'இன்னார்' என்ற இடத்தில் அறிக்கையில் ஒரு பெயர் இருக்கிறது. நான் அதை இங்கே எழுதப் போவதில்லை. பெயருக்கு ஆசைப்பட்டு வந்தவராக அவர் தெரியவில்லை. அவரை இப்போது நடுத்தெருவில் கொண்டுவந்து நிறுத்த எனக்கு மனமும் இல்லை.

அந்த நண்பரின் வேலையை யோசித்துப் பாருங்கள். தினமும் சாப்பாடு கொண்டுவந்து கொடுக்க வேண்டும். வாளியை எடுத்துக்கொண்டு போய்க் கொட்டிக் கழுவிக் கொண்டுவந்து வைக்க வேண்டும். துணி பார்க்க வேண்டும். நாளுக்கு ஒன்றாக ஒரு போட்டோவும் எடுக்க வேண்டும். கூண்டுக்குள் இருக்கிறவர் பேசமாட்டார் என்பதால், "இன்றைக்கு உப்புக் குறைவு" என்று ஒரு குறைகூட அவர் வாயிலிருந்து வராது. "வந்துவிட்டாயா?" என்று வராது. நன்றி என்ற வார்த்தையும் வராது. 365 நாள். மழை, பனி, ஜுரம், பண்டிகை, பிறந்த நாள் எல்லாம் அந்த 365-க்குள் அடக்கம்.

எங்கள் தெருவில் பெரியவர் ஒருவர் வியாழக்கிழமைதோறும் மௌன விரதம் இருப்பார். நல்ல மனிதர், விரதத்தில் உண்மையான சிரத்தை உள்ளவர். ஆனால் அந்த வீட்டில் வியாழக்கிழமை என்றால் மாமிக்கு இரட்டை வேலை. பால்காரனுக்கும், தபால்காரருக்கும், வாசலில் வந்து நிற்கும் உறவுக்காரர்களுக்கும் மாமா சார்பில் மாமிதான் பேசியாக வேண்டும். மாமா கையை ஆட்டுவார். அது வெந்நீரா, விசிறியா, வேறு எதுவுமா என்று மாமி ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே வருவாள். சரியான பொருள் வரும்போது மாமாவின் முகத்தில் ஒரு சாந்தம் தெரியும். மௌனத்தின் புண்ணியம் அவருக்கு, தொண்டைக் கட்டு மாமிக்கு என்று நாங்கள் சிரிப்போம். மாமியும் சேர்ந்து சிரிப்பாள். அவளைக் கேட்டுக்கொண்டா அந்த விரதம் ஆரம்பமாயிற்று என்று மட்டும் எங்களில் யாரும் கேட்டதில்லை.

ஷியே விஷயத்தில் இந்தக் குறை கிடையாது. அவர் நண்பரைக் கேட்டார், நண்பர் சம்மதித்தார், பெயரை எழுதி ஊரறிய வெளியிட்டார். அந்த அளவில் அவர் கணக்கு நேரானது. நம் வீட்டு விரதங்களின் கணக்கில் இந்தப் பத்தி எழுதப்படுவதே இல்லை. ஆனால், சம்மதம் வாங்கிவிட்டால் காரியம் சரியாகிவிடுமா என்ற கேள்வி இருக்கிறதே, அது என்னை லேசில் விடவில்லை.

முதல் நாள் சம்மதிப்பது சுலபம். ஒரு நண்பன் அபூர்வமான காரியம் ஒன்று செய்யப் போகிறேன் என்கிறான். கூட நின்றால் நமக்கும் ஒரு உற்சாகம். 200-ஆம் நாள் என்ன செய்வது? கூண்டுக்குள் இருப்பவருக்கு 200-ஆம் நாள் என்பது ஒரு சாதனை. சுவரில் ஒரு கீறல் கூடுகிறது. வெளியே நிற்பவருக்கு அது இருநூறாவது வாளி. இன்னொன்றும் இருக்கிறது. உள்ளே இருப்பவர் நினைத்தால் அன்றைக்கே முத்திரையைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்துவிடலாம். வந்தால் வீணாகப் போவது அவருடைய சொந்த வருஷம். வெளியே நிற்பவர் "இனி என்னால் ஆகாது" என்று நின்றுவிட்டால் வீணாகப் போவது இன்னொருவருடைய வருஷம். ஆகவே யார் அதிகமாகக் கட்டுப்பட்டவர் என்று பார்த்தால், என் கணக்கில் விடை மாறி வருகிறது. சபதம் செய்தவருக்குக் கதவு உண்டு. சபதம் செய்யாதவருக்குத்தான் கதவு இல்லை.

பெரிய துறவுகள் பலவற்றுக்கும் அடியில் இப்படி ஒருவர் இருந்திருக்கிறார் என்று நினைக்கிறேன். காட்டில் தவம் செய்தவனுக்குக் கனி கொண்டுவந்து வைத்தது யார்? எழுத்தாளன் நடுராத்திரியில் எழுதுகிறான் என்றால் காலையில் குழந்தைகளின் வாயைப் பொத்துவது யார்? இவர்களைப் பற்றி நாம் சொல்லத் தெரிந்ததெல்லாம் 'தியாகம்' என்ற ஒரு சொல்தான். அந்தச் சொல்லைச் சொன்னவுடன் கடன் தீர்ந்துவிட்டதாக நமக்கு ஒரு திருப்தி வந்துவிடுகிறது. எனக்கு அந்தச் சொல்லின் பேரிலேயே கொஞ்ச நாளாகச் சந்தேகம்.

குறித்த சில நாள்களில் பொது ஜனங்கள் வந்து பார்க்கலாம் என்று ஏற்பாடு இருந்தது. வந்தவர்கள் கம்பிகளுக்கு அப்பால் உட்கார்ந்திருந்தவரைப் பார்த்தார்கள். மொட்டைத் தலையோடு உள்ளே போனவருக்கு வருஷ முடிவில் முடி தோளைத் தொட்டது. 365 போட்டோக்களிலும் அது கொஞ்சம் கொஞ்சமாக வளர்வதைப் பார்க்கலாம். அந்தப் போட்டோக்களில் நண்பர் இல்லை. எப்படி இருப்பார்? எடுத்தவர் அவர்.

ஷியே கூண்டோடு நிற்கவில்லை. மறு வருஷமே அடுத்த சபதத்தை ஆரம்பித்தார். மில் வாசலில், தொழிற்சாலை வாசலில் தொழிலாளிகள் கார்டைச் செருகி 'பஞ்ச்' செய்கிற கடிகாரம் இருக்கும் அல்லவா? அப்படி ஒரு கடிகாரத்தைத் தம் அறையில் வைத்துக்கொண்டு, 1980 ஏப்ரல் 11-ஆம் தேதியிலிருந்து 1981 ஏப்ரல் 11 வரையில், மணிக்கு ஒரு தடவை, இரவு பகல் எந்நேரமும், கார்டு போட்டார். பகல் ஒரு மணிக்குப் போட்ட மாதிரியே இரவு மூன்று மணிக்கும் எழுந்து போட வேண்டும். ஒரு வருஷத்துக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் சேர்ந்தாற்போல் தூக்கம் கிடையாது. அறையை விட்டு எட்டப் போக முடியாது. ஒரு சினிமா பார்க்க முடியாது. ஊருக்கு வெளியே ஒரு கல்யாணம் என்றால் போக முடியாது. சாம்பல் நிறத்தில் தொழிலாளி உடுப்பு ஒன்றைப் போட்டுக்கொண்டு கடிகாரத்தின் பக்கத்தில் நிற்பார். ஒவ்வொரு தடவையும் 16 மில்லிமீட்டர் பிலிமில் ஒரே ஒரு படம் எடுத்துக்கொள்வார்.

ஆபீசுக்குப் போகிற வாசகர்களுக்கு இதில் உள்ள வேடிக்கை சட்டென்று புரியும். நாம் கையெழுத்துப் போடுவது வேலையை ஆரம்பிப்பதற்காக. கையெழுத்துப் போட்டுவிட்டு நாள் முழுவதும் ஒன்றும் செய்யாமலிருக்கும் சாமர்த்தியசாலிகளும் நம்மிடையே உண்டு. இவருக்குக் கையெழுத்துப் போடுவதே வேலை, சம்பளம் கிடையாது, சரக்கு எதுவும் உற்பத்தியாகவில்லை. அகப்பட்டால் நாடு கடத்திவிடுவார்கள் என்ற நிலையில், உள்ளபடி வேலைக்குப் போய்க் கார்டு போட உரிமையில்லாத ஒருவர், தமக்குத் தாமே முதலாளியாகவும் தொழிலாளியாகவும் இருந்துகொண்டு 24 மணி நேர ஷிப்ட் பார்த்தார்.

365 நாளுக்கு மணிக்கு ஒன்றாக 8,760 தடவை ஆகிறது. அதில் 133 தடவை அவர் தவறவிட்டார். இதை ஒளிக்கவில்லை, பட்டியல் போட்டு வெளியிட்டார். தூங்கிப் போனதால் தவறியது 94. நேரம் கடந்து போட்டது 29. நேரத்துக்கு முன்னால் போட்டுவிட்டது 10. அவருடைய காரியங்கள் எல்லாவற்றிலும் எனக்கு மிகவும் பிடித்தது இந்தப் பட்டியல்தான். 8,760-உம் பிசகவில்லை என்று சொல்லியிருந்தால், ஏதோ சித்து வித்தை என்று நான் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு வேறு வேலை பார்க்கப் போயிருப்பேன். அந்த 94 இருக்கிறதே, அதில் ஒரு மனுஷன் அசந்து தூங்குகிறான். அலாரம் அடித்து ஓய்ந்திருக்கும், அவனுக்குத் தெரியாது. விழித்ததும் வயிற்றில் ஒரு பகீர். நாமும் அறிந்த பகீர்தான்.

எடுத்த படங்களை எல்லாம் சேர்த்து ஓட்டினால் ஆறு நிமிஷத்துச் சினிமா. இதில் ஒரு கணக்கு அழகாகப் பொருந்தியிருக்கிறது. சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 படம் ஓடும்; ஒரு நாளைக்கு 24 மணி. ஆகவே அந்தச் சினிமாவில் அவருடைய ஒரு நாள் நமக்கு ஒரு விநாடி. மொட்டைத் தலையில் முடி முளைத்து, வளர்ந்து, தோளில் விழுகிறது. கடிகார முள் பைத்தியம் பிடித்தாற்போல் சுற்றுகிறது. மனிதர் மட்டும் விறைப்பாக நிற்கிறார், உடம்பு நடுங்குகிறது. ஒரு நாள் முழுவதும் அவர் கெஞ்சிக் கெஞ்சிக் கண் விழித்தது, நாம் கண்ணிமைப்பதற்குள் போய்விடுகிறது. நம்முடைய வருஷங்களும் தூரத்திலிருந்து பார்த்தால் இந்த வேகத்தில்தான் ஓடியிருக்கும்.

இந்த வருஷத்தில் வாளி எடுக்க யாரும் தேவைப்படவில்லை. கார்டுகளுக்குச் சாட்சிக் கையெழுத்து இருந்தது. பாரம் முழுவதும் அவருடைய கண் இமைகளின் பேரில்தான். கூண்டு வருஷத்தை யோசித்துத்தான் இப்படி மாற்றிக்கொண்டாரா என்றால், அப்படி அவர் சொன்னதாக இல்லை. நானாக நினைத்துக்கொள்கிறேன்.

மூன்றாவது சபதத்தோடு எனக்குச் சண்டை உண்டு. 1981 செப்டம்பர் 26 முதல் ஒரு வருஷ காலம் கூரைக்குக் கீழே போவதில்லை என்று எழுதிக் கொடுத்தார். கட்டடம், ரயில், கார், விமானம், கப்பல், குகை, கூடாரம் எதற்குள்ளும் நுழைவதில்லை. கையில் ஒரு படுக்கைப் பை. நியூயார்க்கின் பனிக் காலம் கதையில் வருகிற பனிக் காலம் அல்ல, எலும்பை உறையவைப்பது. அந்தக் குளிரில் தெருவிலும் ஆற்றங்கரையிலும் படுத்தார். நடுவில் ஒரு தகராறில் போலீஸார் பிடித்துக்கொண்டு போய் 15 மணி நேரம் உள்ளே வைத்துவிட்டார்கள். ஸ்டேஷனுக்குள் இழுத்துப் போகும்போது அவர் கத்திக்கொண்டு திமிறுவது படத்தில் பதிவாகியிருக்கிறது. அடி விழும் என்று பயந்து கத்தவில்லை. கூரைக்குக் கீழே போக மாட்டேன் என்று கத்துகிறார். வழக்கு வந்தபோது வக்கீல் எடுத்துச் சொன்னதன் பேரில், கோர்ட்டுக்கு வெளியிலேயே அவர் நிற்கலாம் என்று நீதிபதி அனுமதித்தார். அந்த நீதிபதியை எனக்குப் பிடித்திருக்கிறது.

என் சண்டை இதுதான். அதே தெருக்களில், அதே பனியில், அந்த வருஷம் வீடில்லாமல் படுத்துக் கிடந்தவர்கள் எத்தனையோ பேர். அவர்கள் யாரும் அறிக்கை வெளியிடவில்லை. அடுத்த செப்டம்பர் 26-ஆம் தேதி எழுந்து வீட்டுக்குப் போகலாம் என்று அவர்களுக்குத் தேதி குறித்திருக்கவில்லை. குளிர் இரண்டு பேருக்கும் ஒன்றுதான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கஷ்டம் என்பதில் குளிர் ஒரு பாதி. எப்போது முடியும் என்று தெரியாதிருப்பது மற்றொரு பாதி. அந்த இரண்டாவது பாதியை யாராலும் விரும்பி ஏற்றுக்கொள்ள முடியாது. ஏற்றுக்கொள்கிற அந்தக் கணத்திலேயே அது கையை விட்டு நழுவிவிடுகிறது.

"அவரும் காகிதமில்லாத மனிதர்தானே, அகப்பட்டிருந்தால் கதி என்ன?" என்று கேட்டால் அதற்கு என்னிடம் பதில் இல்லை. வேஷம் போட்டுக்கொண்டு ஏழைகளோடு படுத்த சீமான் அல்ல அவர். கப்பலிலிருந்து இறங்கிய நாள் முதலாக அவருக்கு அந்த ஊரில் கூரை நிச்சயமில்லை. இதையெல்லாம் நினைத்துப் பார்த்த பிறகும் என் ஆட்சேபத்தை நான் வாபஸ் வாங்கவில்லை. கொஞ்சம் குரலைத் தாழ்த்திச் சொல்கிறேன், அவ்வளவுதான்.

நாலாவது சபதத்தில்தான் கூண்டுக்கு வெளியே நின்றவர் விஷயத்துக்கு மறுபடி வருகிறோம். இந்தத் தடவை அவர் தனியாக இல்லை. லிண்டா மோன்டானோ என்று ஓர் அமெரிக்கப் பெண்மணி. அவரும் இதே துறைக் கலைஞர். இளமையில் இரண்டு வருஷம் கத்தோலிக்க மடத்தில் கன்னியாஸ்திரீ பயிற்சியில் இருந்தவர். 1983 ஜூலை 4-ஆம் தேதி இரண்டு பேரும் தலையை மொட்டையடித்துக்கொண்டு, 8 அடிக் கயிறு ஒன்றால் ஒருவர் இடுப்பை மற்றவர் இடுப்போடு கட்டிக்கொண்டார்கள். ஒரு வருஷத்துக்கு அவிழ்ப்பதில்லை; வீட்டுக்குள் இருந்தால் இருவரும் ஒரே அறையில் இருக்க வேண்டும்; ஒருவரை ஒருவர் தொடக் கூடாது. இருவரும் கணவன் மனைவி அல்ல, காதலர்களும் அல்ல.

கல்யாணமாகிப் பல வருஷம் ஆனவர்கள் இந்த இடத்தில் சிரிப்பீர்கள் என்று தெரியும். சிரித்துவிட்டு மேலே படியுங்கள். ஒருவர் குளிக்கப் போனால் இன்னொருவரும் வாசலில் நிற்க வேண்டும். ஒருவருக்கு வேலை என்றால் இருவருக்கும் வேலை. ஒருவர் "எனக்கு இஷ்டமில்லை" என்றால் இன்னொருவர் நகர முடியாது. ஆரம்பத்தில் நிறையப் பேசினார்கள். பிறகு பேச்சுக் குறைந்தது. பேச்சுப் போய்க் கை ஜாடை வந்தது. ஜாடையும் போய்க் கயிற்றை இழுப்பதும் முனகுவதுமாக முடிந்தது. சண்டைகள் வந்தன. பேசியதை எல்லாம் நாடாவில் பதிவு செய்து, யாரும் ஒருபோதும் கேட்கக் கூடாதென்று முத்திரை வைத்துவிட்டார்கள். மறு வருஷம் ஜூலை 4-இல் கயிறு அவிழ்ந்தது.

முறையான நியாயம் என்று பார்த்தால் இதுதான் நாலிலும் நியாயமானது. இங்கே உள்ளே ஒருவர், வெளியே ஒருவர் என்ற பேதமில்லை. இரண்டு பேரும் சபதம் செய்தவர்கள். இரண்டு பேருடைய பெயரும் படைப்பின் பேரில் சமமாக இருக்கிறது. பாரம் 8 அடியில் சரிபாதி. மாமியையும் மாமாவையும் ஒரே தராசில் நிறுத்தியாயிற்று. நான் கேட்ட கேள்விக்கு இதைவிட நேர்த்தியான பதில் ஒருவர் சொல்லியிருக்க முடியாது.

ஆனாலும் அந்தப் பதிலில் ஏதோ ஒன்று குறைகிறது. கயிறு கட்டிய இருவரும் ஒருவரை விட்டு ஒருவர் போகவில்லை. போக முடியாது, சபதம். ஒருவர் மற்றவருக்காக ஏதாவது செய்தாரா என்பதற்கு அந்தச் சபதத்தில் இடமே இல்லை. கூண்டு வருஷத்து நண்பருக்குக் கயிறு கிடையாது. அவர் பெயர் ஒரே ஒரு வாக்கியத்தில், உதவியாள் என்ற அந்தஸ்தில் இருந்தது. அவரை இழுத்துக்கொண்டு வர ஒன்றும் இல்லை. தினமும் வந்தார். நியாயம் அநியாயம் என்று தராசு பிடித்தால் அவருக்கு நடந்தது அநியாயம் என்றுதான் இன்றும் சொல்வேன். அதே சமயம், அந்த ஐந்தாறு வருஷத்து வரலாற்றில் எந்த மனிதரைச் சந்திக்க உனக்கு ஆசை என்று கேட்டால், கூண்டுக்குள் இருந்தவர் இரண்டாவதாகத்தான் வருகிறார். இந்த இரண்டு அபிப்பிராயங்களும் ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை என்பது எனக்குத் தெரிகிறது.

ஷியேயின் பாக்கிக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1985 ஜூலையிலிருந்து ஒரு வருஷம் கலையைச் செய்வதில்லை, பார்ப்பதில்லை, பேசுவதில்லை, படிப்பதில்லை என்று இருந்தார். அதன் பிறகு, 1986 டிசம்பர் 31-ஆம் தேதி, தம்முடைய முப்பத்தாறாவது பிறந்த நாளன்று, இனி 13 வருஷம் கலை செய்வேன், ஆனால் யாருக்கும் காட்டமாட்டேன் என்று ஆரம்பித்து, 1999 கடைசி நாள் வரையில் அப்படியே இருந்தார். 2000 ஜனவரி 1-ஆம் தேதி நண்பர்களும் ஜனங்களும் கூடியிருந்த இடத்தில் அவர் அறிவித்த விஷயம் இவ்வளவுதான்: தம்மை உயிரோடு வைத்துக்கொண்டார். கூட்டத்துக்கு ஏமாற்றமாக இருந்திருக்கலாம். 13 வருஷத்தில் அதை மட்டுமே செய்து முடித்தவர்கள் உலகத்தில் அநேகம் பேர்; அவர்களை யாரும் மேடையில் ஏற்றியதில்லை. இனி கலை செய்யப் போவதில்லை என்றும் பிறகு சொல்லிவிட்டார்.

புகழ் அதற்குப் பிறகுதான் வந்தது. 2009-இல் நியூயார்க்கின் நவீன கலை மியூசியம் அந்தக் கூண்டைக் கொண்டுவந்து வைத்துச் சுற்றிலும் போட்டோக்களை மாட்டியது. 2017-இல் வெனிஸ் நகரத்துப் பெரிய கலைக் கண்காட்சியில், தைவான் சார்பில் அவருடைய கடிகார வருஷமும் கூரையில்லாத வருஷமும் காட்டப்பட்டன. அதற்குக் கிடைத்த மாளிகை பழைய காலத்தில் சிறைச்சாலையாக இருந்தது. அறை முழுவதும் கார்டுகளும், வரிசை வரிசையாகப் படங்களும், கடிகாரமும், உடுப்பும். வேலை போய்விட்டது, கணக்குப் புத்தகம் மிஞ்சியிருக்கிறது.

இதை ஒரு கதையாக எழுத வேண்டும் என்று எனக்கு ஆசை. ஷியேயைப் பற்றி அல்ல. அவர் கதையை அவரே முடித்துவிட்டார். எழுதினால் அந்த நண்பரைப் பற்றித்தான். அவர் மனசில் என்ன இருந்தது என்பதற்கு ஆதாரம் எதுவும் இல்லாததால் எல்லாவற்றையும் நானே கற்பனை செய்தாக வேண்டும். கூண்டில் ஆரம்பிக்கப் போவதில்லை. முத்திரையை உடைத்து, வக்கீல் சரிபார்த்து, எல்லோரும் கை தட்டி, படம் எடுத்துக்கொண்டு போய்விட்ட மறுநாள் காலையில் ஆரம்பிக்கலாம் என்று இருக்கிறேன். வழக்கமான நேரத்துக்கு அவருக்கு விழிப்பு வந்துவிடுகிறது. எழுந்து, கோட்டை மாட்டிக்கொண்டு, இரண்டு பேருக்குச் சாப்பாடு வாங்கிக்கொண்டு வந்துவிடுகிறார். வாசல் வரையில் வந்த பிறகுதான் ஞாபகம் வருகிறது. பொட்டலம் கையில் சூடாக இருக்கிறது. உள்ளே, ஒரு வருஷத்துக்குப் பிறகு முதல் தடவையாக, யாரோ பேசிக்கொண்டிருக்கிற சத்தம் கேட்கிறது.

கதவைத் தட்டுவாரா, படியில் உட்கார்ந்து இரண்டு பங்கையும் தாமே சாப்பிட்டுவிட்டுப் போவாரா என்பதை நான் இன்னும் தீர்மானிக்கவில்லை.